மூட்டைக் கணக்கில் மூத்தவர்

சிலமலை பால்சாமிக்கு அறுபது நெருங்குகிறது. முப்பத்திரண்டு வருடமாக மலைப்பாதையில் ஜீப் ஓட்டுகிறார். ஏலக்காய் எடுக்கப் போகும் பெண்களைக் காலையில் போடிமெட்டுக்கு அந்தப்பக்கம் உள்ள தோட்டங்களில் இறக்கிவிட்டு, சாயங்காலம் ஊருக்குக் கொண்டுவந்து சேர்ப்பது அவருடைய சோலி. வண்டியில் பதினேழு பேரை ஏற்றுவார். மலையில் பதினேழு கொண்டை ஊசி வளைவு இருப்பதால் வளைவுக்கு ஒருவர் என்பது அவர் சொல்லும் நியாயம். இருபது வளைவு இல்லாமல் போனதில் அந்தப் பெண்களுக்கு ஒரு நிம்மதி.

அவர் பிறந்ததும் ஜீப்பில்தான், அதே பாதையில்தான். தாயார் இருளம்மாள் நிறைமாதத்திலும் காய் எடுக்கப் போனவர். பத்து நாள் முன்கூட்டியே வலி வந்துவிட, காய் மூட்டை ஏற்றிக்கொண்டு கிளம்பிய தோட்டத்து ஜீப்பில் மூட்டைகள் மேலேயே அவரைப் படுக்கவைத்துக் கீழே அனுப்பினார்கள். கீழிருந்து எண்ணினால் பதினொன்றாம் வளைவில் ஓர் ஆண் பிள்ளை பிறந்தது. கூட வந்தவள் பிள்ளையைத் துண்டில் சுற்றினாள். டிரைவர் ஒரு பீடி பற்றவைத்தார். இருளம்மாள் மட்டும் வண்டியை நிறுத்த விடவில்லை. "இன்னும் ஒண்ணு கெடக்கு, வெரசாப் போ" என்றார்.

அந்த இன்னொன்று அவசரப்படாமல், மலை இறங்கி முடித்து, முந்தல் சோதனைச் சாவடியில் வண்டி நின்ற பிறகு பிறந்தது. உள்ளே என்ன லோடு என்று காவலர் கேட்டாராம். "கிளம்புறப்ப எட்டு மூட்டை, ரெண்டு பொம்பள. இப்ப அதே எட்டு மூட்டைதான், ஆளுதான் நாலு" என்றாராம் டிரைவர்.

பதினொன்றாம் வளைவில் பிறந்தவருக்குக் கன்னையன் என்று பெயர். முந்தலில் பிறந்தவர்தான் நம் பால்சாமி. இருவருக்கும் நடுவே பத்து வளைவு. முக்கால் மணி நேரம்கூட இருக்காது. அந்த முக்கால் மணி நேரம் பால்சாமியின் வாழ்க்கை முழுவதையும் தின்றுவிட்டது.

இரட்டையர் என்றாலும் முகத்தில்தான் இரட்டை. கன்னையன் அப்பாவோடு ஒட்டிக்கொண்டார். தேவாரத்துப் பக்கம் குத்தகைக்கு எடுத்த மக்காச்சோளக் காட்டில் அப்பாவும் மகனும் பரணில் உட்கார்ந்து, தகரத்தைத் தட்டி யானை விரட்டுவார்கள். காட்டுப்பன்றியைப் பிடித்து வந்த நாளில் அப்பா ஊருக்கே கேட்கிற மாதிரி, "எம் மகன் பிடிச்சது" என்பார். பால்சாமி ஆத்தாளோடு வீட்டில் இருந்தார். காய் சலிப்பார், காம்பு கிள்ளுவார், மூட்டை தைப்பார், வாய் ஓயாமல் பேசுவார். அப்பாவுக்கு ஒரு பிள்ளை, ஆத்தாளுக்கு ஒரு பிள்ளை என்று யாரும் வெட்டுக்குத்து இல்லாமல் பங்கு பிரித்துக்கொண்ட வீடு அது.

ஒருவரை ஒருவர் அவர்கள் அண்ணன் என்றோ தம்பி என்றோ அழைத்ததில்லை. இரண்டு பேருக்கும் "டேய்" போதுமாக இருந்தது.

அப்பா இறந்தபோது கன்னையன்தான் கொள்ளி வைத்தார். மூத்தவன் வைப்பது வழக்கம், யாரும் எதுவும் கேட்கவில்லை. சிக்கல் நாலு மாதம் கழித்து, மாசி மாதத்தில் வந்தது. காரணம், சாமிப் பெட்டி.

அது ஒரு பழைய மரப்பெட்டி. குலசாமியின் பொருட்கள் அதற்குள் இருக்கின்றன. அது மூத்தவன் வீட்டில்தான் இருக்க வேண்டும். மாசிச் சிவராத்திரிக்கு மூத்தவன்தான் அதைத் தலையில் சுமந்து கோயிலுக்குக் கொண்டுபோக வேண்டும். போனால் பூசாரி முதல் விபூதியை அவர் நெற்றியில் பூசி, தலையில் பரிவட்டம் கட்டுவார். அன்று ஒருநாள் முழுக்கப் பங்காளிகள் அத்தனை பேரும் அவருக்குப் பின்னால்தான் நடக்க வேண்டும். மற்ற முந்நூற்று அறுபத்து நாலு நாளும் அந்த மனிதர் கடன் கேட்டால் யாரும் கொடுக்க மாட்டார்கள் என்பது வேறு விஷயம்.

அப்பா சுமந்த பெட்டி இனி யாருக்கு என்று முடிவு செய்யப் பங்காளிகள் கோயில் முன்னால் கூடினார்கள். நடுவில் ஒச்சப்பன் பெரியப்பா உட்கார்ந்திருந்தார். சொந்தத்தில் வயதில் பெரியவர் என்பதால் தீர்ப்புச் சொல்லும் வேலை அவருக்கு.

"ரெண்டும் ஒரே நாளு, ஒரே ஜீப்பு" என்று அவர் ஆரம்பித்தார். "எவன்டா மூத்தவன்?"

கன்னையன் சிரித்தார். "இதுல கேக்க என்ன இருக்கு பெரியப்பா? நான் பதினொண்ணாம் வளைவு. இவன் முந்தலு."

எல்லோரும் தலையாட்டினார்கள். அப்போதுதான் பெண்கள் பக்கத்திலிருந்து இருளம்மாள் எழுந்தார்.

"கொஞ்சம் பொறுங்க. மூட்டையில மொதல்ல கொட்டுன காயி எங்க கெடக்கும்?"

"அடியில கெடக்கும்" என்றார் ஒச்சப்பன்.

"கவுத்தா எது மொதல்ல வரும்?"

"மேல கெடக்குறது வரும்."

"அப்ப கடைசியா வர்றதுதான மொதல்ல உள்ள போனது? எவன் கடைசியா வந்தானோ அவன்தான் வயித்துல மொத உண்டானவன். அவன்தான் மூத்தவன். பால்சாமி மூத்தவன்."

ஏலக்காயை விதைத்து, எடுத்து, காயவைத்து, சலித்து, மூட்டை பிடித்து வயிறு வளர்க்கும் ஊர் அது. அங்கே வேதாந்தம் பேசினால் எழுந்து போய்விடுவார்கள். மூட்டையைப் பற்றிப் பேசினால் யோசிப்பார்கள்.

ஒருவர் மட்டும் கேட்டார்: "அடியில கிழிச்சா அடியில உள்ளதுதான மதினி மொதல்ல கொட்டும்?"

"எவன்டா எவ் வயித்தக் கிழிச்சான்? நான் ஜீப்புல பெத்தவ."

சிரிப்பு எழுந்தது. இன்னொருவர், "அப்பனுக்குக் கொள்ளி வச்சது கன்னையன்ல? அன்னைக்கு ஏன் பேசல?" என்றார்.

"தாலியறுத்துக் கெடந்தவளுக்கு அன்னைக்குப் பேசத் தெம்பு இருந்துச்சா?"

ஒச்சப்பன் பெரியப்பா கன்னத்தைச் சொறிந்தார், வெற்றிலையைத் துப்பினார், பெட்டி பால்சாமிக்கு என்றார். பெற்றவளே சொன்ன பிறகு வேறு சாட்சி எதற்கு என்பது அவர் கட்சி.

கன்னையன் அம்மாவைப் பார்த்தார். "ஆத்தா, நீ எங்களப் பெத்தியா, ஏலக்காயப் பெத்தியா?" என்று மட்டும் கேட்டார். மறுநாள் காலை கன்னையன் ஒரு பையோடு மலை ஏறினார். பால்சாமியின் ஜீப் ஸ்டாண்டில் முதலாவதாக நின்றது. அதை விட்டுவிட்டு நாலாவதாக நின்ற ஜீப்பில் ஏறினார். பூப்பாறைப் பக்கம் ஒரு தோட்டத்தில் வேலைக்குச் சேர்ந்து, அங்கேயே தொழிலாளர் லயத்து வீட்டில் தங்கி, காளீஸ்வரியைக் கல்யாணம் செய்து, ஒரு மகளைப் பெற்றார். ஒரு சிவராத்திரிக்கும் இறங்கி வரவில்லை.

ஊரில் எல்லோரும் இருளம்மாளின் மூளையை மெச்சினார்கள். எழுதப் படிக்கத் தெரியாத பொம்பளை, என்ன பேச்சு பேசினாள் பார் என்றார்கள்.

அது அவர் பேச்சல்ல. கூட்டத்துக்கு முந்தைய நாள், காய் மூட்டை தைத்துக்கொண்டிருந்த பால்சாமி, ஊசியைப் பல்லில் கடித்துக்கொண்டே சொல்லிக்கொடுத்தது. வேடிக்கையாகத்தான் ஆரம்பித்தார். ஆத்தாளின் முகம் மாறியதைப் பார்த்ததும் வேடிக்கையை நிறுத்திவிட்டு, இரண்டு தடவை திருப்பிச் சொல்ல வைத்தார். கவிழ்த்தா, கொட்டுனா என்று அவர் தடுமாறிய இடத்தில் ஒரு கை காயை எடுத்துச் சாக்கில் போட்டு, கவிழ்த்தும் காட்டினார்.

இதை அவர் தன் மனைவி பேச்சியிடம்கூடச் சொன்னதில்லை.

முதல் வருடம் பெட்டியைத் தூக்கியபோது தலை கனத்தது. அது சந்தோஷத்தின் கனம் என்று நினைத்துக்கொண்டார். அடுத்தடுத்த வருடங்களில் வேறு மாதிரித் தெரிந்தது. பின்னால் வருகிற கூட்டத்தில் ஓர் ஆள் குறைகிறான் என்பது முன்னால் நடப்பவனுக்குத்தான் நன்றாகத் தெரியும்.

பதினோரு வருடம் கழித்து இருளம்மாள் இறந்தார். பால்சாமி மொட்டை போட்டு, ஈரத் துணியோடு, சுடுகாட்டில் கொள்ளிக்குக் கையை நீட்டினார். அப்போது ஒச்சப்பன் பெரியப்பா குறுக்கே கையை வைத்தார்.

"நீ எதுக்குப்பா? அப்பனுக்கு மூத்தவன், ஆத்தாளுக்கு இளையவன். வழக்கம் தெரியாதா? நீதான் மூத்தவனாச்சே."

இதை யாருமே யோசித்திருக்கவில்லை. ஆத்தாளும் யோசிக்கவில்லை, மகனும் யோசிக்கவில்லை. பெட்டியை வாங்கிக் கொடுத்த மூட்டைக் கணக்கு, செல்லப் பிள்ளையிடமிருந்து பெற்றவளின் கொள்ளியைப் பறித்துக்கொண்டது. கன்னையனுக்கு ஆள் போயிருந்தது. பிணத்தை வைத்துக்கொண்டு எல்லோரும் காத்திருந்தார்கள். கன்னையன் வந்தார். மொட்டை போட்டார், குளித்தார், சிதைக்கு அருகே வந்தார். அங்கே கொள்ளியைப் பார்த்தபடி நின்றிருந்த பால்சாமியிடம் சொன்னார்:

"ஒதுங்குண்ணே."

பிறந்ததிலிருந்து அவர் பால்சாமியை அண்ணே என்று அழைத்தது அன்றுதான். கொள்ளி வைத்த கையோடு மலைக்குப் போய்விட்டார். அந்த வார்த்தை கீழேயே தங்கிவிட்டது. யாராவது வண்டியில் "அண்ணே, ஓரமா நிறுத்துங்க" என்றால்கூட பால்சாமிக்கு ஒரு கணம் பிரேக்கை மிதிக்கத் தோன்றாது.

மூன்று வருடத்துக்கு முன்னால் அவர் ஜீப்பில் ஓர் உபதேசியார் ஏறத் தொடங்கினார். மலைத் தோட்டத்தில் இருந்த சின்ன வேதக்கோயிலுக்கு ஞாயிறு ஆராதனை நடத்த, சனிக்கிழமை தோறும் போடியிலிருந்து போவார். முன்சீட்டில் உட்காருவார். சும்மா இருக்க மாட்டார். வளைவுக்கு வளைவு கதை சொல்லுவார். பெண்கள் பின்னாலிருந்து குறுக்குக் கேள்வி கேட்பார்கள்.

ஒரு சனிக்கிழமை இரட்டைப் பிள்ளைகள் கதை வந்தது. ஈசாக்கு என்று ஒரு தகப்பன். மூத்தவன் ஏசா, உடம்பெல்லாம் ரோமம், வேட்டைக்காரன், அப்பனுக்குச் செல்லம். இளையவன் யாக்கோபு, வீட்டோடு கிடப்பவன், தாய்க்குச் செல்லம். பிறக்கும்போதே அண்ணன் குதிகாலைப் பிடித்துக்கொண்டு வந்தவன்.

பால்சாமி கியரை மாற்றினார். மாற்ற வேண்டிய இடம் அதுவல்ல. வண்டி முனகியது.

"ஒருநாள் ஏசா பசியோட வந்தான். தம்பி பயத்தங்கூழு காய்ச்சிக்கிட்டு இருந்தான். மூத்தவன்ற உரிமைய எனக்குக் குடு, கூழு தர்றேன்னான். குடுத்துட்டான்" என்றார் உபதேசியார்.

"கூழுக்கா? கடிச்சுக்கிட ஒரு வெங்காயமாவது குடுத்தானா?" என்றாள் பின்னாலிருந்து அன்னக்கொடி. மலைக்கு வேலைக்குப் போகிறவர்களில் வாய் நீண்டவள் அவள்.

அடுத்த வளைவில் தகப்பனுக்குக் கண் தெரியாமல் போயிற்று. மூத்தவனுக்கு ஆசி கொடுக்கக் கூப்பிட்டான். தாய் இளையவனின் கையில் ஆட்டுத்தோலைச் சுற்றி அனுப்பினாள். தகப்பன் தடவிப் பார்த்து, இது ஏசா கைதான் என்று நம்பி, ஆசியை இளையவனுக்குக் கொடுத்துவிட்டான்.

"ஆட்டுக்கும் மகனுக்கும் வித்தியாசம் தெரியாத அப்பனா?" இது அன்னக்கொடி.

"கண்ணு தெரியாதும்மா."

"கண்ணுதான தெரியாது, கையுமா தெரியாது?"

வண்டி முழுக்கச் சிரித்தது. பால்சாமி சிரிக்கவில்லை. "ஆட்டுத்தோலு யோசனை யாருது சாமி?" என்றார்.

"தாயோட யோசனைதான். இவன் மாட்டேன்னு பயந்தான். பழி என் மேல வரட்டும்னுட்டா."

பால்சாமி அடுத்த வளைவில் ஸ்டீயரிங்கை ஒடித்தார். அந்தக் கதையில் தாய் பிள்ளைக்குச் சொல்லிக்கொடுத்தாள். தன் கதையில் பிள்ளை தாய்க்குச் சொல்லிக்கொடுத்தான். யாக்கோபு தன்னைவிட ஒரு படி மேல் என்று அவருக்குத் தோன்றியது.

அண்ணனுக்குப் பயந்து யாக்கோபு ஊரைவிட்டு ஓடினான். இருபது வருடம் மாமனிடம் ஆடு மேய்த்தான். பிறகு அண்ணனைப் பார்க்கத் திரும்பினான். வெறுங்கையோடு வரப் பயந்து, ஆடும் ஒட்டகமும் மாடும் கழுதையுமாக மந்தை மந்தையாக முன்னால் அனுப்பினான். அப்போது ஒரு சேதி வந்தது. நானூறு ஆள் சூழ, ஏசா எதிரே வந்துகொண்டிருக்கிறான்.

"வந்து?" என்றார் பால்சாமி.

"தம்பி, போடிமெட்டு வந்துருச்சு. அந்தக் கடை ஓரமா நிறுத்துங்க. மீதி அடுத்த வாரம்."

அடுத்த வாரம் உபதேசியார் வரவில்லை. மகள் பிரசவத்துக்குத் தூத்துக்குடிப் பக்கம் போய்விட்டாராம், வர ஆறு வாரம் ஆகுமாம். பால்சாமி பார்க்கிறவரிடமெல்லாம் விசாரித்தார். டீக்கடைக்காரர், அண்ணன் வெட்டிப் போட்டிருப்பான் என்றார். இன்னொரு ஜீப்காரர், கேஸ் போட்டிருப்பான் என்றார். அன்னக்கொடி, "நானூறு பேருக்கும் சோறு பொங்குனது யாருன்னு கேளுங்க, பாவம் அவதான்" என்றாள்.

சிவராத்திரி நெருங்கிக்கொண்டிருந்தது. பால்சாமிக்கு முடிவு தெரியவில்லை. ஆனால் முறை தெரிந்துவிட்டது. அந்த வருடம் பெட்டியைக் கன்னையனிடம் கொடுத்துவிடுவது, மூட்டைக் கணக்கு யாருடையது என்பதை வாயால் சொல்லிவிடுவது என்று தீர்மானித்தார். மந்தையை முன்னால் அனுப்பினார். முதல் நாள் ஒரு ஜீப்பில் ஒரு மூட்டை பொன்னி அரிசி. இரண்டாம் நாள் வேறொரு ஜீப்பில் ஒரு குலை தேங்காய். மூன்றாம் நாள் கால் கட்டிய சேவல் இரண்டு. "உங்க தம்பி குடுத்துவிட்டதுன்னு சொல்லு" என்று சொல்ல வாய் வரைக்கும் வந்தது. "பால்சாமி குடுத்துவிட்டதுன்னு சொல்லு" என்றுதான் சொன்னார்.

நாலாம் நாள் அரிசிச் சாக்கு காலியாகத் திரும்பி வந்தது. மடித்த சாக்குக்குள் ஒரு பொட்டலம் ஏலக்காய் இருந்தது. பருத்த, பச்சை மாறாத, முதல் தரக் காய். கூடவே ஒரு சேதி: வெள்ளிக்கிழமை போடிமெட்டில் டீக்கடைக்கு வரச் சொன்னாராம்.

பால்சாமி அந்தச் சாக்கைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். இது நன்றியா, குத்தலா என்று விளங்கவில்லை. சாக்கைத்தான் அனுப்ப வேண்டுமா?

வெள்ளிக்கிழமை பெட்டியை மஞ்சள் துணியில் கட்டி முன்சீட்டில் வைத்துக்கொண்டு போனார். போடிமெட்டில் பனி இறங்கியிருந்தது. பூப்பாறைப் பக்கமிருந்து ஒரு ஜீப் வந்து நின்றது. அதிலிருந்து ஆட்கள் இறங்கிக்கொண்டே இருந்தார்கள். பால்சாமி எண்ணினார். பதினாலு பேர். நானூறு இல்லை என்பது ஓர் ஆறுதல். பதினாலாவதாக இறங்கிய நரைத்த ஆள் நேரே ஓடிவந்து கழுத்தைக் கட்டிக்கொண்டார். அவர் சட்டையில் காய் காயவைக்கும் புகை வாசம் அடித்தது.

"என்ன சேட்டா, சுகம்தன்னே?"

கிண்டல்தான். மலையாளத்தில் அண்ணனை அப்படித்தான் அழைப்பார்கள். ஆனால் சொன்னவர் கண்ணில் தண்ணீர் நின்றது. வந்தவர்களிடம் திரும்பி, "சொன்னேன்ல, எம் மூஞ்சிதான் இவனுக்கும். கொஞ்சம் அழகு கம்மி" என்றார். கூட வந்த பதிமூன்று பேரும் வேலைக்குப் போகிற வழியில் இந்த மூஞ்சியைப் பார்க்கத்தான் வந்திருந்தார்கள்.

பால்சாமி பெட்டியைக் காட்டினார். "இது உனக்கு."

கன்னையன் அதைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். "எனக்கு எதுக்குடா? லயத்து வீட்டுல ரெண்டு ரூம்பு. ஒண்ணுல நாங்க, ஒண்ணுல கோழி. சாமிய எதுல வைக்க? எனக்கு இருக்குறது ஒரு மக. நர்சு வேலைக்குப் போறா, பெட்டி தூக்க லீவு குடுக்க மாட்டான். நீயே வச்சுக்க. எனக்கு ஒரு குறையும் இல்ல."

"அது இல்ல... அன்னைக்கு அந்தக் கூட்டத்துல..."

"ஆத்தா பேசுனதுக்கு நீ என்னடா செய்வ? பாவம், அன்னைக்கு உம் மூஞ்சியப் பாக்கணுமே. விடு. செத்தவ நல்லா இருக்கட்டும். வீட்டுக்கு வா. நீ குடுத்துவிட்ட சேவல்ல ஒண்ண காளீஸ்வரி அடிச்சு வச்சுருக்கா."

பால்சாமி பெட்டித் துணியின் முடிச்சை மறுபடி இறுக்கினார். பதிமூன்று பேர் டீ குடித்துக்கொண்டு பார்க்கிறார்கள். அதைவிட மோசம், அண்ணன் மன்னித்துவிட்டான், ஆனால் தப்பான ஆளை மன்னித்துவிட்டான். தன் பழியைச் செத்துப்போன ஆத்தா மேல் ஏற்றிவிட்டு, அந்தக் குழம்பை எப்படிப் பிசைந்து சாப்பிடுவது?

"நீ முன்னாடி போ" என்றார். "வண்டிக்கு டீசல் அடிச்சுட்டு, நான் பின்னாடியே வர்றேன்."

கன்னையனின் ஜீப் பனிக்குள் போயிற்று. பால்சாமி வண்டியைத் திருப்பி, பெட்டியோடு மலை இறங்கினார். அந்த வருடமும் அவரே சுமந்தார்.

பங்குனியில் உபதேசியார் திரும்பி வந்தார். பேத்தி பிறந்த சந்தோஷத்தில் இருந்தார். பால்சாமி வாழ்த்துச் சொல்லக்கூடப் பொறுக்கவில்லை. "சாமி, அந்த ஏசா?"

"எந்த ஏசா? ஓ, அதுவா. ஓடிவந்து கழுத்தக் கட்டிப்பிடிச்சு முத்தம் குடுத்தான். ரெண்டு பேரும் அழுதாங்க. ஆடு மாடெல்லாம் எனக்கு எதுக்கு, எனக்குப் போதுமானது இருக்கு, நீயே வச்சுக்கன்னுட்டான்."

பால்சாமிக்கு மயிர்க்கூச்செறிந்தது. "பிறகு?"

"வா, என் ஊருக்குப் போவோம்னு கூப்பிட்டான். பிள்ளைகளும் ஆடுகளும் மெதுவாத்தான் வரும், நீங்க முன்னாடி போங்க, நான் பின்னாடி வர்றேன்னான் யாக்கோபு."

"போனானா?"

"எங்க போனான்? வேற பக்கம் திரும்பி, அங்கயே வீடு கட்டிக்கிட்டான்."

"அப்புறம் எப்பத்தான் பாத்துக்கிட்டாங்க?"

உபதேசியார் யோசித்தார். "அப்பன அடக்கம் பண்ணும்போது ரெண்டு பேரும் இருந்தாங்க. அவ்வளவுதான் எழுதியிருக்கு."

தங்களுக்கு அப்பனும் இல்லை, ஆத்தாளும் இல்லை, அடக்கம் செய்ய இனி யாருமில்லை என்று பால்சாமி கணக்குப் போட்டார். அந்தக் கணக்கும் தப்பு என்று பிறகு தெரிந்தது. அன்றே முடிவெடுத்தார், பூப்பாறைக்குப் போய்ச் சொல்லிவிடுவது. சித்திரையில் போகலாம் என்று நினைத்தார், பேச்சிக்கு உடம்பு சரியில்லை. வைகாசியில் வண்டிக்கு எஃப்.சி. காட்ட வேண்டியிருந்தது. ஆனியில் மழை பிடித்துக்கொண்டது. ஒவ்வொரு நாளும் போடிமெட்டைத் தாண்டிப் போய்த் திரும்புகிறவருக்கு, இன்னும் ஏழெட்டு கிலோமீட்டர் போக மூன்று மாதமாக நேரம் கிடைக்கவில்லை.

ஆடியில் ஒரு காலை, ஸ்டாண்டில் ஆள் ஏற்றிக்கொண்டிருந்தபோது செல்போன் அடித்தது. புது நம்பர்.

"சித்தப்பா, நான் சூர்யகலா பேசுறேன். அப்பா..."

கன்னையனின் மகள் அழுதுகொண்டே மீதியைச் சொன்னாள். காய் காயவைக்கும் ஸ்டோரில் நின்றுகொண்டிருந்தவர் நெஞ்சைப் பிடித்து உட்கார்ந்தாராம். எழவில்லை.

அவள் பால்சாமியோடு பேசியது அதுவே முதல் தடவை. ஊர்த் தீர்ப்புப்படி அவர் அவளுக்குப் பெரியப்பா. ஆனால் அந்த லயத்து வீட்டில் பிறந்ததிலிருந்து அவளுக்குச் சித்தப்பா என்றுதான் சொல்லிக்கொடுத்திருக்கிறார்கள். ஊரில் பரிவட்டம் கட்டிக்கொண்டு மூத்தவராக நடந்த காலம் முழுக்க, மலைக்கு அந்தப்பக்கம் ஒரு வீட்டில் அவர் தம்பியாகவே இருந்திருக்கிறார். அவருக்குத்தான் தெரியவில்லை.

கன்னையனின் உடலைச் சிலமலைக்குக் கொண்டுவருவது என்று முடிவாயிற்று. ஆம்புலன்ஸ் பேசலாம் என்றார்கள். "என் வண்டியில வரட்டும்" என்றார் பால்சாமி. சீட்டைக் கழற்றிவிட்டு, சாக்கு விரித்துப் படுக்கவைத்தார்கள். பதினொன்றாம் வளைவில் வண்டியைக் கொஞ்சம் நிறுத்தினார். ஏன் என்று காளீஸ்வரி கேட்கவில்லை. முந்தல் சாவடியில் நிறுத்தாமல் வந்தார்.

வீட்டு வாசலில் கிடத்தியிருந்தார்கள். தம்பி முறை, மகன் முறை உள்ளவர்கள் வரிசையாகக் காலில் விழுந்தார்கள். பால்சாமி வரிசையில் போய் நின்றார். ஒரு பங்காளி தோளைப் பிடித்தார்.

"நீங்க எதுக்கு? மூத்தவுக இளையவுக கால்ல விழக்கூடாது. அது செத்தவருக்கு ஆகாது."

பால்சாமி கையை உதறிவிட்டு நெடுஞ்சாண்கிடையாக விழுந்தார். பெருவிரலைப் பிடித்துக்கொண்டார்.

"அண்ணே" என்றார். "அந்த மூட்டைக் கணக்கு ஆத்தாளோடது இல்லண்ணே. நான் சொல்லிக்குடுத்தது."

தொண்ணூறைத் தொட்டு, காது அடைத்துப்போன ஒச்சப்பன் பெரியப்பா நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். "என்னடா சொல்றான்?" என்றார்.

பக்கத்திலிருந்தவர் காதில் கத்தினார். "பெட்டி அவருது இல்லயாம்! கன்னையன்தான் மூத்தவராம்!"

"அதான் எல்லாத்துக்கும் தெரியுமே" என்றார் பெரியப்பா. "பெறகு எதுக்கு இத்தன வருசம் இவன் தூக்கிக்கிட்டு அலைஞ்சான்?"

பால்சாமியை எழுப்ப யாரும் முன்வரவில்லை. காளீஸ்வரிதான் வந்தார். தலைமாட்டிலிருந்து எழுந்து வந்து, குனிந்து, அவருக்கு மட்டும் கேட்கிற மாதிரிச் சொன்னார்:

"அவருக்குத் தெரியும் கொழுந்தனாரே. கல்யாணமான புதுசுலயே சொல்லிட்டாரு. எங்க ஆத்தாளுக்கு மூட்டை தூக்கத்தான் தெரியும், இப்படிக் கவுத்துப் பேசத் தெரியாது, இது அந்த வாயாடி வேலைன்னு. அன்னைக்கு நீங்க வர்றதா இருந்தப்பகூட, அவனா அதப் பத்தி வாயத் தொறந்தா ஆத்தா மேல போட்டுறணும், இல்லாட்டி அவனுக்குச் சோறு எறங்காதுன்னு என்கிட்ட சொல்லிட்டுத்தான் போடிமெட்டுக்குக் கிளம்புனாரு."

பிறகு, "வெளக்கு வச்சும் அந்தக் கொழம்பத் தொடவிடல. டீசல் அடிக்க இம்புட்டு நேரமான்னு வாசலுக்கும் ரோட்டுக்குமா நடந்தாரு" என்றார்.

கன்னையனுக்குச் சூர்யகலாதான் கொள்ளி வைத்தாள். பெண் வைக்கலாமா என்று யாரோ ஆரம்பித்தார்கள். தீர்ப்புச் சொல்ல ஒச்சப்பனிடம் போனால் எந்தக் காயை எந்த மூட்டையில் போடுவாரோ என்ற பயத்தில் அவர்களே நிறுத்திக்கொண்டார்கள்.

அடுத்த மாசியில் பெட்டியைத் தூக்க வேறு ஆளில்லை. பால்சாமிதான் தூக்கினார். கோயிலில் பூசாரி பரிவட்டத்தோடு வந்தபோது அவர் தலையைக் குனியவில்லை.

"அண்ணன் முன்னாடி போயிருக்கு" என்றார். "நான் பின்னாடி வர்றவன். எனக்குக் கட்டாத."

நீட்டிய துணியைத் திரும்பக் கொண்டுபோகக் கூடாது என்பதால், பூசாரி அதைப் பெட்டியைச் சுற்றிக் கட்டிவிட்டார். இந்த வருடமும் பெட்டிக்கே கட்டினார். வெளியூரிலிருந்து வந்திருந்த ஒரு சம்பந்தகாரர் காரணம் கேட்டதற்கு, எங்கள் சாமி மனுசத் தலைக்குப் பரிவட்டம் ஏற்காது, பாட்டன் பூட்டன் காலத்திலிருந்து இப்படித்தான் என்று ஒரு பங்காளி விளக்கிக்கொண்டிருந்தார். பால்சாமி பக்கத்தில் நின்று கேட்டார், மறுக்கவில்லை.

மறுநாள் அந்தத் துணியை அவிழ்த்து மடித்து, அண்ணன் வீட்டில் கொடுக்கப் பூப்பாறைக்கு எடுத்துக்கொண்டு போனார். இப்போது மாதம் ஒரு தடவை போகிறார். காளீஸ்வரி இலை போடுவார். கோழிக் குழம்பு வைக்கட்டுமா என்று ஒவ்வொரு தடவையும் கேட்பார். வேண்டாம், ரசம் போதும் என்பார் பால்சாமி.